பழஞ்சுவர் படைத்த கலைஞர் பன்சி சந்திரகுப்தா

படம் முடிந்து கொட்டகையை விட்டு வெளியே வரும்போது நாம் என்னென்ன பேசிக்கொள்கிறோம்? நடிப்பைப் பற்றிப் பேசுகிறோம். பாட்டு, சண்டை, நகைச்சுவை எல்லாவற்றுக்கும் மதிப்பெண் போடுகிறோம். சற்று விவரம் அறிந்த நண்பர் ஒருவர் கூட இருந்தால் ஒளிப்பதிவைப் பற்றியும் நான்கு வார்த்தை வரும். கதாநாயகி சாய்ந்து நின்று அழுத அந்தச் சுவரைப் பற்றி யாரேனும் வாய் திறந்ததுண்டா? வீடு என்று இருந்தால் சுவர் இருக்கத்தானே செய்யும் என்று விட்டுவிடுகிறோம்.

அந்தச் சுவருக்கும் ஓர் ஆசிரியர் உண்டு. அவரைக் கலை இயக்குநர் என்பார்கள். 1939-ல் வெளிவந்த 'கான் வித் த விண்ட்' என்ற அமெரிக்கப் படத்தில் இப்பணியைப் பேரளவில் செய்த வில்லியம் கேமரூன் மென்சீஸ் என்பவருக்குத் 'தயாரிப்பு வடிவமைப்பாளர்' என்று புதுப் பட்டம் சூட்டினார்கள். பட்டம் எதுவாயினும் வேலை ஒன்றே. கதை நிகழும் இடத்தை, அந்த இடத்தில் வாழ்ந்தவர்களின் பணவசதி, பழக்கம், வயது, மனநிலை எல்லாம் தெரியும்படி உருவாக்கித் தருவது. நம் கல்லூரி மலரில் விடுதலை வீரர்களும் விஞ்ஞானிகளும் கவிஞர்களும் ஆண்டுதோறும் இடம் பெறுகிறார்கள். இம்முறை ஒரு கலை இயக்குநருக்கும் சில பக்கங்கள் ஒதுக்கலாம் என்று எண்ணி, இந்தியத் திரையுலகில் அத்துறைக்கே புது வழி காட்டிய பன்சி சந்திரகுப்தாவின் வாழ்க்கையை எழுத முற்படுகிறேன். வரலாறு படிக்கும் மாணவனாகிய எனக்குத் திரைப்பட நுணுக்கம் முழுதும் தெரிந்துவிட்டதாக யாரும் கருத வேண்டாம். அவர் பணியாற்றிய படங்களைத் தேடித் தேடிப் பார்த்த ஆர்வமே என் தகுதி.

பன்சி 1924-ஆம் ஆண்டு, இன்று பாகிஸ்தானில் இருக்கும் சியால்கோட் நகரில் பிறந்தார். வளர்ந்தது காஷ்மீரத்தில், ஸ்ரீநகரில். ஓவியராக வேண்டும் என்பதே இளமையில் அவர் கண்ட கனவு. தாகூர் குடும்பத்தைச் சேர்ந்த ஓவியர் சுபோ தாகூரின் தொடர்பு கிடைத்தது; அந்த ஊக்கத்தில் கல்கத்தாவுக்கு வந்து சேர்ந்தார். பனிமலை நாட்டில் வளர்ந்த இளைஞர், சேறும் சகதியும் புழுக்கமும் நிறைந்த வங்கத்துக்கு வந்தார் என்பதை வாசகர்கள் மனத்தில் கொள்ள வேண்டும். வங்க மொழி அவர் தாய்மொழியன்று. வங்கத்துக் குடிசையிலோ ஜமீன் மாளிகையிலோ அவர் பிறந்து தவழவில்லை. பிற்காலத்தில் அந்தக் குடிசையையும் மாளிகையையும் வங்காளிகளே தங்கள் வீடு என்று நம்பும்படி அவர் கட்டிக் காட்டினார். உள்ளூர்க்காரன் கண்ணுக்குப் பழகிப்போய் மறைந்துவிடுவதெல்லாம் வெளியூர்க்காரன் கண்ணுக்குப் புதிதாகத் தெரியும் அல்லவா? பன்சியின் வெற்றிக்கு அவருடைய அந்த வெளியூர்க் கண்ணும் ஒரு காரணம் என்றே நான் கருதுகிறேன்.

கல்கத்தாவில் ஓவியம் சோறு போடவில்லை. திரைப்பட ஸ்டூடியோக்களில் அரங்கம் அமைக்கும் வேலைக்குச் சென்றார். அக்காலத்து 'செட்' எப்படி இருக்கும் தெரியுமா? மரச்சட்டத்தில் துணியை இழுத்து ஆணியடித்து, அதன்மேல் சுவரையும் ஜன்னலையும் ஏன், தூணின் நிழலையும்கூடச் சாயத்தால் எழுதிவிடுவார்கள். கதவை யாராவது ஓங்கிச் சாத்தினால் சுவரே ஆடும். நாடக மேடையிலிருந்து வந்த பழக்கம் அது. மேடையில் ரசிகர் தூரத்தில் அமர்ந்திருக்கிறார், சமாளித்துக் கொள்ளலாம். காமிராவோ சுவரின் அருகில் சென்று முகர்ந்து பார்க்கக்கூடியது.

இந்த வேலையில் மனம் ஒன்றாமல் இருந்த பன்சிக்கு ஒத்த கருத்துடைய நண்பர்கள் சிலர் வாய்த்தார்கள். விளம்பர நிறுவனம் ஒன்றில் ஓவியராக இருந்த சத்யஜித் ரே அவர்களில் ஒருவர். சிதானந்த தாஸ்குப்தா இன்னொருவர். 1947-ல் இவர்கள் கல்கத்தா பிலிம் சொசைட்டியைத் தொடங்கியபோது பன்சியும் உடனிருந்தார். ருஷ்யப் படமான 'பாட்டில்ஷிப் பொட்டெம்கின்' அங்கே முதலில் திரையிடப்பட்டது. நாடு விடுதலை பெற்ற அதே ஆண்டில், கையில் காசில்லாத சில இளைஞர்கள் கூடி உட்கார்ந்து உலகப் படங்களைப் பார்த்து, நம் படங்கள் ஏன் இப்படி இருக்கின்றன என்று விவாதித்த காட்சியை நினைத்துப் பார்க்கவே இன்பமாக இருக்கிறது.

அடுத்து வந்தது அவர் வாழ்வின் திருப்புமுனை. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' என்ற வண்ணப் படத்தை எடுக்க 1949-ல் வங்கத்துக்கு வந்தார். ஹூக்ளி ஆற்றங்கரையில் படப்பிடிப்பு நடந்தது. அவருடைய கலை இயக்குநர் யூஜின் லூரியே. ருஷ்யப் பேரரசில் பிறந்து பிரான்சில் தொழில் பழகியவர். ரெனுவாரின் 'லா கிராண்ட் இல்யூஷன்' போன்ற புகழ்பெற்ற படங்களுக்கு அரங்கம் அமைத்தவர். பன்சி அவருக்கு உதவியாளரானார். நம் நாட்டில் அன்றைக்கு இத்தொழிலைக் கற்றுக் கொடுக்கப் பள்ளியுமில்லை, பாடநூலுமில்லை. லூரியேயின் பக்கத்தில் நின்று அவர் செய்வதைப் பார்த்ததே பன்சியின் கல்லூரிப் படிப்பு. நிஜமான இடத்தையும் கட்டிய செட்டையும் பொருத்து வாய் தெரியாமல் இணைப்பது எப்படி, கதைக்குத் தேவையில்லாத அலங்காரத்தை ஒதுக்குவது எப்படி என்பதெல்லாம் அங்கே பழகியவை. அதே படப்பிடிப்பை ஓரமாக நின்று கவனித்துக்கொண்டிருந்த இன்னொரு இளைஞர் சுப்ரதா மித்ரா. அவர் பெயரை நினைவில் வைத்துக் கொள்ளுங்கள், மீண்டும் வருவார்.

1952-ல் ரே தம் முதற் படமான 'பதேர் பாஞ்சாலி'யைத் தொடங்கினார். இயக்குநருக்கு இதற்குமுன் படம் எடுத்த அனுபவமில்லை. ஒளிப்பதிவாளரான சுப்ரதா அதுவரை திரைப்படக் காமிராவை இயக்கியதில்லை, வயதும் இருபத்திரண்டுதான். திரைப்படத் தொழிலின் வாசனை அறிந்தவர் என்று அந்தக் குழுவில் சொல்லத்தக்க வெகு சிலரில் பன்சி ஒருவர். பணம் வந்தபோது படப்பிடிப்பு, வராதபோது ஓய்வு என்று மூன்றாண்டுகள் இழுத்துப் பறித்து, மேற்கு வங்க அரசு கைகொடுத்தபின் 1955-ல் படம் வெளிவந்த கதையைப் பலரும் எழுதிவிட்டார்கள். நான் அந்த வீட்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

கல்கத்தாவை அடுத்த போரால் கிராமத்தில் இடிந்து கிடந்த பழைய வீடொன்றைப் பிடித்தார்கள். ஏழைப் புரோகிதர் ஹரிஹரின் பூர்வீக வீடு அது. ஒரு காலத்தில் வாழ்ந்து கெட்ட குடும்பம் என்பதைச் சுவரே சொல்ல வேண்டும். அதே நேரத்தில் அங்கே ஒரு தாய் தினமும் சாணமிட்டு மெழுகிச் சமைத்துப் பிள்ளை வளர்க்கிறாள் என்பதும் தெரிய வேண்டும். வெறும் இடிபாடு என்றால் பேய் வீடாகிவிடும். ஒழுங்கு செய்துவிட்டாலோ வறுமை போய்விடும். பன்சி அந்த இடிபாட்டைக் கதைக்கு வேண்டிய அளவு மட்டும் சீர்செய்து, வேண்டிய இடத்தில் சேர்த்து, குடியிருக்கும் வீடாக மாற்றினார். இரவுக் காட்சிகளை ஸ்டூடியோவில் எடுக்க வேண்டியிருந்ததால், போரால் வீட்டுக்கு ஒப்பான பகுதிகளை அங்கே கட்டினார். துர்க்கா காய்ச்சலில் கிடக்கும் அந்தப் புயல் இரவைப் பார்த்தவர்கள் மறக்க முடியுமா? கதவு அடித்துக்கொள்கிறது. தாய் அதைத் தடுத்து நிறுத்தப் போராடுகிறாள். வெளியே இருப்பது யமன் என்று யாரும் வசனம் பேசவில்லை. அந்தக் கதவின் வலுவின்மை எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. கதவு பழையதாக, இற்றுப்போனதாக நம் கண்ணுக்குப் பட்டிராவிட்டால் அந்தக் காட்சியே இல்லை.

பழமையை உண்டாக்குவது எளிதா? புதிதாகக் கட்டுவதைவிடக் கடினம் என்றே இத்தொழிலில் இருப்பவர்கள் சொல்கிறார்கள். புதுப் பலகையை மேலோட்டமாக நெருப்பில் கருக்கி, கம்பித் தூரிகையால் நார் தெரியத் தேய்த்து, நீர்த்த சாயத்தைப் பூசிப் பழையதாக்குவார்கள். சுவர் என்றால் கைபடும் உயரத்தில் எண்ணெய்ப் பிசுக்கு, அடுப்புக்கு மேலே புகைக் கறை, தரையை ஒட்டி ஈரம் ஏறிய தடம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு காரணம் இருக்க வேண்டும். காரணமில்லாத அழுக்கைப் பார்வையாளர் மனம் எப்படியோ கண்டுபிடித்துவிடும்.

1956-ல் 'அபராஜிதோ' வந்தது. ஹரிஹரின் குடும்பம் கிராமத்தை விட்டுக் காசிக்குப் போகிறது. படித்துறை, சந்து, கோயில் எல்லாம் காசியிலேயே எடுக்கப்பட்டவை. அவர்கள் ஒண்டுக் குடியிருக்கும் வீடு மட்டும் கல்கத்தா ஸ்டூடியோவில் பன்சி கட்டியது. காசி வீடுகளின் அமைப்பு, நடுவில் ஒரு முற்றம், சுற்றிலும் உயர்ந்த சுவர், மேலே ஒரு துண்டு வானம். வெயில் நேராக விழாது. வானத்து வெளிச்சம் மட்டும் கசிந்து இறங்கும். அங்கே நிழலே விழாது. மழைக்காலம் நெருங்கிவிட்டதால் திறந்த வெளியில் கட்ட வழியில்லை. ஸ்டூடியோவுக்கு உள்ளே கட்டியே தீர வேண்டும் என்றார்கள் ரேயும் பன்சியும். அப்படிப்பட்ட ஒளியை ஸ்டூடியோவுக்குள் கொண்டுவரவே முடியாது என்று வாதிட்டார் ஒளிப்பதிவாளர் சுப்ரதா. ஸ்டூடியோ விளக்கைப் போட்டால் ஒரு மனிதனுக்கு மூன்று நிழல் விழும். பன்சி எவ்வளவு உண்மையாகச் சுவர் எழுப்பினாலும் அந்த நிழல்கள் காட்டிக் கொடுத்துவிடும்.

வாதத்தில் தோற்ற சுப்ரதா, வேலையில் வென்றார். செட்டின் மேலே வானம் இருக்க வேண்டிய இடத்தில் சட்டமடித்து வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழே வைத்து அந்தத் துணியை நோக்கித் திருப்பினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி, காசி முற்றத்து வெளிச்சமாகவே இறங்கியது. பின்னாளில் உலகெங்கும் ஒளிப்பதிவாளர்கள் கையாண்ட எதிரொளி முறையை இங்கே ஒரு வங்க இளைஞர் அன்றே தம் தேவைக்காகக் கண்டறிந்தார். சுப்ரதாவின் புகழ் பாடுகிறவர்கள் இந்நிகழ்ச்சியை மறவாமல் குறிப்பிடுகிறார்கள். அந்தத் துணியின் கீழே இருந்த முற்றத்தைக் கட்டியவரைக் குறிப்பிடுவோர் குறைவு. அப்படி ஒரு முற்றம் எழுந்திராவிட்டால் அப்படி ஓர் ஒளிக்குத் தேவையே ஏற்பட்டிராது!

இங்கே ஒரு செய்தி சொல்ல வேண்டும். என் தந்தையார் கொத்து வேலை செய்பவர். ஒரு சுவரைப் பார்த்த மாத்திரத்தில் அது சுண்ணாம்புக் காரையா, சிமெண்டுப் பூச்சா, எத்தனை மழை கண்டது என்று சொல்லிவிடுவார். சென்ற விடுமுறையில் கைப்பேசியில் இந்தக் காசி வீட்டுக் காட்சிகளை அவருக்குக் காட்டினேன். நல்ல பழைய வீடு, இடித்துவிட்டிருப்பார்களே என்று வருத்தப்பட்டார். ஸ்டூடியோவுக்குள் படத்துக்காகக் கட்டியது என்றதும் நம்பவில்லை. திரும்பப் போடச் சொல்லி, கதையை விட்டுவிட்டுச் சுவரை மட்டும் பார்த்தார். பிறகு, பன்சி என்பவர் தம் கையாலேயே பூசுவாரா என்று கேட்டார். தச்சர், பூச்சு வேலைக்காரர், சாயமடிப்பவர் என்று ஒரு கூட்டமே அவருக்குக் கீழே வேலை செய்யும், எது எங்கே எப்படி இருக்க வேண்டும் என்று சொல்வது அவர் என்றேன். அப்படியானால் அந்தக் கூட்டத்துக்கும் அவர் நல்ல மேஸ்திரியாக இருந்திருக்க வேண்டும் என்றார் தந்தையார். பட விமரிசனங்கள் பல படித்திருக்கிறேன். பன்சியைப் பற்றி இந்தக் கோணத்தில் யாரும் எழுதி நான் காணவில்லை.

'ஜல்சாகர்' 1958-ல் வெளிவந்தது. பாட்டுக் கச்சேரியிலேயே சொத்தைத் தொலைத்த ஜமீன்தாரின் கதை. முர்ஷிதாபாத் மாவட்டத்தில் நிம்தீதா என்ற ஊரில், பத்மா நதி கரையை அரித்துக்கொண்டு வரும் இடத்தில் இருந்த மாளிகையை ரே தேடிப் பிடித்தார். தூண்களும் படிகளும் வெட்டவெளியும் அற்புதமாகப் பொருந்தின. கதைக்கு உயிர்நாடியான இசைக்கூடம் மட்டும் அந்த மாளிகையில் இருந்தது போதவில்லை. ஆகவே கல்கத்தா ஸ்டூடியோவில் பன்சி இசைக்கூடத்தைக் கட்டினார். பெரிய சரவிளக்கு, ஆளுயரக் கண்ணாடி, வரிசையாக மாட்டிய முன்னோர் படங்கள். ஜமீன்தார் நிஜ மாளிகையின் தாழ்வாரத்தில் நடந்து வந்து, ஸ்டூடியோக் கூடத்தின் வாசலில் நுழைகிறார். இடையே நூற்றுக்கணக்கான மைல் தூரம் என்பது நமக்குத் தெரிவதேயில்லை. கடைசிக் கச்சேரி முடிந்து மெழுகுவத்திகள் ஒவ்வொன்றாக அணையும்போது சபி பிஸ்வாஸ் காட்டும் பயத்தை எல்லோரும் புகழ்கிறார்கள். புகழட்டும், தகும். அணைவதற்கு அங்கே ஒரு சரவிளக்கு தொங்க வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்து எண்ணிப் பார்க்கலாம்.

மாளிகை கட்டியவரே அடுத்த ஆண்டு 'அபுர் சன்சார்' படத்துக்காக, ரயில்பாதை ஓரத்தில் ஒரு மொட்டைமாடி அறையையும் கட்டினார். வேலையில்லாப் பட்டதாரி அபு தனியாக இருக்கும்வரை ஜன்னலில் கிழிந்த திரை தொங்குகிறது. புதுமணப் பெண் அபர்ணா வந்தவுடன் அந்தக் கிழிசல் வழியே வெளியே பார்க்கிறாள். சில நாட்களில் திரை மாறுகிறது, ஜன்னலில் செடித்தொட்டி வருகிறது. அறை அதே அறைதான். ஒரு பெண் வந்து குடித்தனம் நடத்துகிறாள் என்பதை ஒரு முழத் துணியில் காட்டிவிட்டார்கள். இதில் ரேயின் பங்கு எவ்வளவு, பன்சியின் பங்கு எவ்வளவு என்று பிரித்துப் பார்ப்பது வீண் வேலை. ரே தாமே சிறந்த ஓவியர். ஒவ்வொரு காட்சியையும் வரைந்து வைத்துக்கொள்பவர். அப்படிப்பட்டவருக்குக் கலை இயக்குநராக இருப்பது எளிதன்று. கண் தெரிந்தவரிடம் கடை வைத்த கதைதான். அவரிடம் பன்சி ஏறக்குறைய பதினைந்து ஆண்டுகள் தொடர்ந்து பணியாற்றினார் என்பதே அவர் திறமைக்குச் சான்று.

இடையில் வந்த படங்கள் பலவற்றைத் தாண்டி 1964-க்கு வருகிறேன். அவ்வாண்டு வெளிவந்த 'சாருலதா'வே பன்சியின் தலைசிறந்த படைப்பு என்பது என் முடிவு. ரவீந்திரநாத் தாகூரின் கதை. 1879-ஐ ஒட்டிய கல்கத்தா. செல்வர் பூபதி, வீட்டிலேயே அச்சகம் வைத்து ஆங்கிலப் பத்திரிகை நடத்துகிறார். மனைவி சாருவோடு பேச நேரமில்லை. தொடக்கத்தில் சில நிமிடங்கள் பேச்சே கிடையாது. சாரு கையில் சிறு தூரநோக்கியுடன் ஜன்னல் ஜன்னலாகப் போய், மரச்சட்டங்களை உயர்த்தித் தெருவை எட்டிப் பார்க்கிறாள். குடை பிடித்துக்கொண்டு போகிறவர் ஒருவரை ஒரு ஜன்னலிலிருந்து மறு ஜன்னலுக்கு ஓடித் தொடர்கிறாள். சுவரில் பூவேலைக் காகிதம், கனத்த நாற்காலி மேசை, அலமாரி நிறையப் புத்தகம். ஒரு குறையும் இல்லாத வீடு. அந்த வீட்டின் செழிப்பே அவளுக்குச் சிறை என்பது நமக்கு உறைக்கிறது. அந்த வீட்டுக்குள்ளே நாம் காணும் அறைகள் ஸ்டூடியோவில் எழுந்தவை. எங்கே ஜன்னல், எங்கே கதவு, எந்த அறையிலிருந்து எந்த அறை தெரியும் என்பதை வகுத்தவர் கதையின் நாடி பிடித்தவராக இருக்க வேண்டும்.

வரலாற்று மாணவன் என்ற முறையில் எனக்கு இப்படத்தில் தனி ஈடுபாடு உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டு வங்க மறுமலர்ச்சியைப் பற்றி நாம் தேர்வுக்காக மனப்பாடம் செய்கிறோம். ராம்மோகன் ராய் பெயரும் சட்டங்களின் ஆண்டுகளும் நினைவிருக்கும். அந்த மனிதர்கள் எந்த நாற்காலியில் அமர்ந்து, எந்த விளக்கடியில் அரசியல் பேசினார்கள், அப்போது அவர்கள் வீட்டுப் பெண்கள் எந்தத் தாழ்வாரத்தில் இருந்தார்கள் என்று பாடநூல் சொல்வதில்லை. பன்சியின் செட் சொல்கிறது.

இதற்கு முந்திய ஆண்டு வந்த 'மகாநகர்' படத்தில் இதற்கு நேர்மாறான வேலை. கூட்டுக் குடும்பம் ஒன்று நெருக்கியடித்து வாழும் கீழ் நடுத்தர வீடு. ஒருவர் எழுந்து நின்றால் இன்னொருவர் ஒதுங்க வேண்டும். மருமகள் வேலைக்குப் போவதா என்ற சண்டை அந்த இடநெருக்கடியில் இன்னும் சூடேறுகிறது. 1966-ல் 'நாயக்' படத்துக்காகக் கல்கத்தாவிலிருந்து டில்லி செல்லும் விரைவு ரயிலின் பெட்டியை ஸ்டூடியோவுக்குள் உருவாக்கினார். பார்ப்பவர் ஓடும் ரயிலில் இருப்பதாகவே உணர்வார். அந்தப் படத்தில் கதாநாயகன் ரூபாய் நோட்டுக் குவியலில் புதைந்து போவதாக ஒரு கனவுக் காட்சி வருகிறது. பலரும் வியந்து பாராட்டும் காட்சி அது. எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. மற்ற இடங்களிலெல்லாம் ஒளிந்து நின்ற பன்சி அங்கே மட்டும் முன்னால் வந்து நின்றுவிட்டதாகத் தோன்றுகிறது. ரயில் பெட்டியே எனக்குப் போதும்.

ரேயுடன் மட்டுமே அவர் பணியாற்றினார் என்று எண்ணக்கூடாது. மிருணாள் சென்னின் 'பாயிஷே சிராவண்', 'ஆகாஷ் குசும்' படங்களுக்கும் அவரே கலை இயக்குநர். குறும்படங்களும் சில இயக்கியிருக்கிறார். ஆனாலும் எழுபதுகளின் தொடக்கத்தில் அவர் கல்கத்தாவை விட்டுப் பம்பாய்க்குப் போனார். வங்கப் படவுலகம் சிறியது, முதலீடும் சொற்பம். அதிலே கலை இயக்குநருக்கு என்ன மிஞ்சும்? தொழிலும் வருவாயும் பம்பாயில் இருந்தன. ரேயின் படங்களில் அவர் இடத்துக்கு அசோக் போஸ் வந்தார்.

பம்பாயில் நடந்ததைப் படிக்கும்போது சிரிப்பும் வருகிறது, வருத்தமும் வருகிறது. 'பதேர் பாஞ்சாலி'யின் வீட்டுக்கும் 'சாருலதா'வின் வீட்டுக்கும் கிடைக்காத பிலிம்ஃபேர் விருது 'சீமா' என்ற இந்திப் படத்துக்காக 1972-ல் அவருக்குக் கிடைத்தது. 1976-ல் 'தோ ஜூட்' என்ற படத்துக்காக இரண்டாம் முறை. இவ்விரு படங்களையும் இன்று யார் பேசுகிறார்கள்? இந்தி வணிகப் படங்களுக்கென்று ஏற்பட்ட விருது, வங்கப் படத்தைத் தேடி வருமா என்று சமாதானம் சொல்லலாம். உண்மைதான். ஆயினும் ஒரு கலைஞனின் சிறந்த பணிக்கு மாலையில்லாமல், பிழைப்புக்குச் செய்த பணிக்கு மாலை விழுந்தால் அவன் மனம் என்ன நினைக்கும்? அதே காலத்தில் குமார் ஷஹானியின் 'மாயா தர்ப்பண்', அவதார் கௌலின் '27 டவுன்' போன்ற புதுமுயற்சிகளுக்கும் அவர் கைகொடுத்தார் என்பதையும் சொல்லிவிட வேண்டும். சம்பளத்துக்கு ஒரு கை, விருப்பத்துக்கு ஒரு கை என்று இருந்திருக்கிறார்.

1977-ல் ரே தம் முதல் இந்தி-உருதுப் படமான 'சத்ரஞ் கே கிலாரி'யை எடுத்தபோது பழைய நண்பரை அழைத்தார். பிரேம்சந்தின் கதை. 1856-ல் ஆங்கிலேயர் அயோத்தி நாட்டை விழுங்கிய நேரம். லட்சுமணபுரிச் செல்வர் இருவர் சதுரங்கம் ஆடிக்கொண்டே இருக்கிறார்கள். நவாப் வாஜித் அலி ஷாவின் அரசவை வண்ணத்தில் எழுந்தது. கறுப்பு வெள்ளையில் பாதிப் பாரத்தை நிழல் சுமக்கும். வண்ணத்தில் ஒரு திண்டின் நிறம் தவறினாலும் கண்ணை உறுத்தும். அந்தச் சோதனையிலும் அவர் தேறினார். கம்பள விரிப்பும் ஹூக்காவும் சால்வையும் கண்ணைப் பறிக்கின்றன. பறிக்கத்தான் வேண்டும், அந்த அழகில் மயங்கித்தானே அவர்கள் நாட்டையே கோட்டைவிட்டார்கள்?

1981-ஆம் ஆண்டை மட்டும் தனியே எடுத்துப் பாருங்கள். அந்த ஒரே ஆண்டில் அவர் பணியாற்றிய நான்கு படங்கள் வெளிவந்தன. முசாபர் அலியின் 'உம்ராவ் ஜான்', பத்தொன்பதாம் நூற்றாண்டு லட்சுமணபுரியின் தாசி வீடு. ஷியாம் பெனகலின் 'கல்யுக்', மகாபாரதப் பங்காளிச் சண்டையை நடத்தும் இக்காலத் தொழிலதிபர்களின் மாளிகைகள். ரவீந்திர தர்மராஜின் 'சக்ரா', பம்பாய்க் குடிசைப் பகுதி. நான்காவது '36 சௌரிங்கி லேன்'. கல்கத்தாவில் தனியாக வாழும் முதிய ஆங்கிலோ இந்திய ஆசிரியை ஒருவரின் அடுக்குவீடு அது. பழைய புகைப்படங்களும் நாற்காலிகளும் ஒரு பூனையும் அடைத்துக்கொண்ட அந்த வீட்டில், இளம் காதலர் இருவர் வந்து போகிறார்கள், பிறகு வருவதில்லை. அப்படத்தை இயக்கிய அபர்ணா சென்னுக்கு அது முதற் படம். அவர் வேறு யாருமல்லர், பன்சியோடு பிலிம் சொசைட்டியில் சேர்ந்து படம் பார்த்த சிதானந்த தாஸ்குப்தாவின் மகள். இருபது ஆண்டுகளுக்கு முன் ரேயின் 'தீன் கன்யா'வில் பள்ளிச் சிறுமியாக இருந்தபோது பன்சி அமைத்த அரங்குகளில் நடித்தவர். தாம் இயக்குநரானபோது தம் கதாபாத்திரத்துக்கு வீடு கட்டித் தர அவரையே அழைத்தார்.

நவாபு காலத்துத் தாசி வீடும் நகரத்துக் குடிசையும் ஒரே மனிதர் மனத்தில் ஒரே நேரத்தில் உருவாகியிருக்கின்றன. அவருக்கு அப்போது வயது ஐம்பத்தேழு. கை தேர்ந்து, கேட்டவர் கேட்டதைக் கொடுக்கும் பருவம். அமெரிக்கா சென்றிருந்த பன்சி சந்திரகுப்தா, 1981 ஜூன் 27 அன்று நியூயார்க் மாநிலத்தில் காலமானார். பிலிம்ஃபேர் விருது மூன்றாம் முறையாக அவருக்குக் கிடைத்தது 1982-ல், 'சக்ரா' படத்துக்காக.